பழைய அம்பாசிடரில் ஆயில் பிரஷர் குறைகிறதா? எஞ்ஜினைப் பிரிப்பதற்கு முன் செய்ய வேண்டியவை

மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூர் ஏறும் வழியில், பர்லியாற்றில் தேநீர் குடிக்க வண்டியை ஓரங்கட்டியபோதுதான் எங்கள் 1988-ஆம் ஆண்டு அம்பாசிடரின் சிவப்பு ஆயில் விளக்கு முதன்முறையாக மினுக்கியது. ஆக்சிலரேட்டரை லேசாக மிதித்தால் அணைந்தது; காலை எடுத்தால் மறுபடி மினுக்கியது. அது நிரந்தரமாக அணைவதற்குள் நான்கு மாதங்கள் ஓடிவிட்டன, மூன்று பட்டறைகள் ஏறி இறங்கியாயிற்று, எட்டாயிரம் ரூபாயில் முடிந்திருக்க வேண்டிய வேலைக்கு முப்பதாயிரத்தை நெருங்கிச் செலவாயிற்று. முதல் பட்டறையில் எஞ்ஜினுக்குள் ஃபிளஷ் ஊற்றிக் கழுவினார்கள். இரண்டாவது பட்டறையில் கெட்டியான ஆயில் ஊற்றி விளக்கை அணைத்துக் கொடுத்தார்கள். பிரஷர் எவ்வளவு இருக்கிறது என்று இரண்டு இடத்திலும் யாரும் அளக்கவில்லை. அளக்கச் சொல்ல வேண்டும் என்பது எனக்கும் தெரியவில்லை. பழைய வண்டியைப் புதிதாக வாங்கியவர்களும், வீட்டுப் பெரியவர்களிடமிருந்து பெற்றவர்களும் அதே வழியில் பணத்தையும் எஞ்ஜினையும் இழக்கக் கூடாது என்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

இங்கே தரும் அளவுகள் பி.எம்.சி. (பிரிட்டிஷ் மோட்டார் கார்ப்பரேஷன்) வடிவமைத்த 1489 சி.சி. பெட்ரோல் எஞ்ஜின் கொண்ட அம்பாசிடருக்கு உரியவை. மாருதி 800 போன்ற வண்டிகளில் ஆயில் பம்ப் எஞ்ஜினின் முன்பக்கம் கிராங்கிலேயே (பிஸ்டன்கள் சுழற்றும் முக்கியத் தண்டு) அமர்ந்திருப்பதால் கழற்றும் முறையும் அளவுகளும் வேறுபடும்; ஆனால் எதை முதலில் பார்ப்பது, எதைக் கடைசியாகப் பிரிப்பது என்ற வரிசை எல்லா வண்டிகளுக்கும் ஒன்றுதான்.

1. விளக்கு எரிந்த இடத்தில் செய்ய வேண்டியது

வண்டி ஓடிக்கொண்டிருக்கும்போது விளக்கு அணையாமல் எரிந்தால் உடனே ஓரங்கட்டி எஞ்ஜினை நிறுத்துங்கள். "அடுத்த ஊர் வரைக்கும் போய்விடலாம்" என்று நினைக்கவே கூடாது. கிராங்கைத் தாங்கும் பேரிங்குக்கும் கிராங்குக்கும் நடுவே இருப்பது மெல்லிய ஆயில் படலம் மட்டுமே. அது அறுந்தால் உலோகத்தோடு உலோகம் உரசத் தொடங்கிவிடும், பேரிங் பிடிப்பதற்குச் சில நிமிடங்களே போதும்.

பத்து நிமிடம் கழித்துச் சமதளத்தில் டிப்ஸ்டிக்கை எடுத்துத் துடைத்து, மீண்டும் விட்டு எடுத்துப் பாருங்கள். ஆயில் குறைந்திருந்தால் ஊற்றிவிட்டு, ஸ்டார்ட் செய்த சில வினாடிகளில் விளக்கு அணைகிறதா என்று கவனியுங்கள். அளவு சரியாக இருந்தும் விளக்கு அணையவில்லை என்றாலோ, அடியிலிருந்து "டொக் டொக்" என்று கனமான தட்டல் கேட்டாலோ, கயிறு கட்டி இழுத்துச் செல்வதைத் தவிர வேறு வழியில்லை. இழுவைக் கூலி கிராங்கின் விலையில் ஒரு சிறு பங்குதான்.

நன்றாகச் சூடேறிய பின் ஐடிலிங்கில் மட்டும் மினுக்கி, ரேஸ் கொடுத்தவுடன் அணையும் விளக்கு அவ்வளவு அவசரமானதன்று. வீடு வரை மெதுவாக வரலாம். ஆனால் அதற்குப் பிறகு தள்ளிப்போடாதீர்கள். நான் தள்ளிப்போட்ட நான்கு மாதங்களில்தான், பேரிங்கோடு நின்றிருக்க வேண்டிய தேய்மானம் கிராங்க் வரை போனது.

2. ஆயிலையே முதலில் படியுங்கள்

டிப்ஸ்டிக்கில் இருக்கும் ஆயில் பல விஷயங்களைச் சொல்லும். அளவு குறிக்கு மேலே ஏறியிருந்து, முகர்ந்தால் பெட்ரோல் வாடை அடித்தால், பெட்ரோல் ஆயிலில் கலந்து அதை நீர்க்கச் செய்திருக்கிறது என்று பொருள். பட்டறையில் "ஏசி பம்ப்" என்று சொல்லும் மெக்கானிக்கல் பெட்ரோல் பம்பின் டயாஃப்ரம் கிழிந்திருக்கலாம், அல்லது கார்புரேட்டர் ஓயாமல் அதிகப் பெட்ரோல் கொடுத்துக்கொண்டிருக்கலாம். ஆயில் மோர் கலந்ததுபோல் வெளுத்திருந்தால் ரேடியேட்டர் தண்ணீர் உள்ளே வருகிறது. ஹெட் கேஸ்கட்டைப் பார்க்க வேண்டும். இந்த இரண்டு நிலைகளிலும் காரணத்தைச் சரிசெய்து ஆயிலை மாற்றாமல் அடுத்த படிக்குப் போவதில் பயனில்லை.

கடைசியாக எப்போது, எந்த கிரேடு ஆயில் ஊற்றப்பட்டது என்று தெரியாத வண்டியாக இருந்தால், 20டபிள்யூ-40 அல்லது 20டபிள்யூ-50 தாது ஆயிலும் புதிய ஃபில்டரும் போட்டுவிட்டு அளக்கத் தொடங்குங்கள். இந்த எஞ்ஜினுக்கு ஃபில்டரோடு சேர்த்து நான்கு லிட்டருக்குச் சற்று மேல் பிடிக்கும். முடிவாக டிப்ஸ்டிக் காட்டுவதை நம்புங்கள். புது வண்டிகளுக்கான 5டபிள்யூ-30 போன்ற மெல்லிய ஆயில் விலை உயர்ந்தது என்பதற்காக இதில் ஊற்றக் கூடாது; அதை ஊற்றியதாலேயே ஐடிலிங்கில் விளக்கு மினுக்கக்கூடும்.

பழைய ஆயிலை வடிக்கும்போது ஒரு வெள்ளை பனியன் வேஸ்டை விரித்து, கடைசியாக வடியும் ஒரு கரண்டி ஆயிலை அதன்மேல் விட்டு வெயிலில் பிடித்துப் பாருங்கள். செம்பு நிறத்தில் மினுமினுக்கும் துகள்கள் இருந்தால் பேரிங்கின் மேல்பூச்சு தேய்ந்து உள்ளடுக்கு வெளியே வந்துவிட்டது. என் வண்டியில் மிளகாய்த்தூளைவிட நுண்ணிய செம்புப் பொடி துணி முழுவதும் ஒட்டியிருந்தது. காந்தத்தில் ஒட்டாத பொடி பேரிங்கிலிருந்தும், ஒட்டும் பொடி இரும்பு உதிரிகளிலிருந்தும் வருவது.

இந்தக் கட்டத்தில் விழாமல் தப்ப வேண்டிய குழி ஒன்று உண்டு. பல ஆண்டுகள் ஆயில் சரியாக மாற்றப்படாத எஞ்ஜினில் ஃபிளஷ் ஊற்றி ஓட்டாதீர்கள். சுவர்களில் அல்வாபோல் ஒட்டியிருக்கும் கசடு முழுவதும் கரையாது. கட்டி கட்டியாகப் பெயர்ந்து பம்பின் சல்லடையில் போய் அடைத்துக்கொள்ளும். எனக்கு நடந்தது அதுதான். ஃபிளஷுக்கு முன் சூடான ஐடிலிங்கில் மட்டும் மினுக்கிய விளக்கு, அதற்குப் பின் பாலக்காடு சாலையில் அறுபது கிலோமீட்டர் வேகத்திலேயே மினுக்கத் தொடங்கியது.

3. விளக்கும் சுவிட்சும் பொய் சொல்லக்கூடும்

ஆயில் விளக்கின் வயரிங் மிக எளியது. எஞ்ஜினில் திருகியிருக்கும் சுவிட்சுக்கு ஒரே வயர்தான் வரும். பிரஷர் இல்லாதபோது சுவிட்ச் அந்த வயரை பாடியோடு இணைக்கும், விளக்கு எரியும். பிரஷர் ஏறியதும் இணைப்பு பிரியும், விளக்கு அணையும்.

சாவியை ஆன் செய்து, ஸ்டார்ட் செய்யாமல் பாருங்கள். விளக்கு எரிந்தாக வேண்டும். எரியவில்லை என்றால் பல்பு போயிருக்கிறது அல்லது வயர் அறுந்திருக்கிறது. பழைய வண்டி வாங்கும்போது நான் இப்போது முதலில் பார்ப்பது இதைத்தான், ஏனெனில் விளக்கு எரியாத வண்டியில் பிரஷர் போனாலும் உங்களுக்குத் தெரியவே தெரியாது. அடுத்து சுவிட்சிலிருந்து வயரைக் கழற்றி எதிலும் படாமல் பிடியுங்கள். விளக்கு அணைந்தால் வயரிங் நன்றாக இருக்கிறது. அணையாமல் எரிந்தால் வயர் வழியில் எங்கோ உரசி பாடியில் படுகிறது. எஞ்ஜினுக்கு ஒன்றும் இல்லாமல் இருக்கலாம்.

சுவிட்ச் பெரும்பாலும் 4 முதல் 7 பி.எஸ்.ஐ. (சதுர அங்குலத்துக்கு இத்தனை பவுண்டு) வரையிலான பிரஷரில்தான் பிரியும். ஆகவே விளக்கு அணைந்திருக்கிறது என்பதற்கு "அந்த அளவுக்குக் கீழே போகவில்லை" என்பதைவிடப் பெரிய பொருள் கிடையாது. சாலையில் 50 இருக்க வேண்டிய இடத்தில் 15 மட்டும் இருந்தாலும் விளக்கு எரியாது. டேஷ்போர்டில் மீட்டர் உள்ள வண்டியிலும், முப்பது ஆண்டுப் பழைய மீட்டரின் முள்ளை வைத்து எஞ்ஜினைப் பிரிக்க முடிவெடுக்க வேண்டாம்.

4. மெக்கானிக்கல் மீட்டர் பொருத்தி அளப்பது

இந்தக் கட்டுரையில் ஒரே ஒரு படியைத்தான் நீங்கள் செய்வீர்கள் என்றால் இதைச் செய்யுங்கள். மூன்றாவதாக நான் போன இடம் கோயம்புத்தூர் கணபதி பகுதியில் ஒரு சிறிய லேத் பட்டறை. கிராங்கை உடனே கழற்றச் சொல்லத்தான் போனேன். அங்கிருந்த பெரியவர் வண்டியைப் பார்க்கக்கூட எழவில்லை. "மீட்டர் போட்டுப் பார்த்தீங்களா தம்பி? ரீடிங் எழுதிட்டு வாங்க, அப்பறம் கழட்டறதா வேண்டாமான்னு பேசலாங்க" என்றார்.

0 முதல் 100 பி.எஸ்.ஐ. வரை காட்டும் சாதாரண மெக்கானிக்கல் பிரஷர் மீட்டர், ஆயில் தாங்கும் ஹோஸ், திருகி இணைக்க ஒரு அடாப்டர் ஆகியவை போதும். மீட்டரில் கிலோ அளவு மட்டும் இருந்தால், ஒரு சதுர சென்டிமீட்டருக்கு ஒரு கிலோ என்பது சுமார் 14 பி.எஸ்.ஐ. என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அடாப்டரில்தான் பலர் தவறுகிறார்கள். எட்டில் ஒரு அங்குலக் குழாய்த் திருகில் இரண்டு வகைகள் உண்டு. பிரிட்டிஷ் வகையில் அங்குலத்துக்கு 28 இழைகள், அமெரிக்க வகையில் 27. கண்ணுக்கு ஒன்றுபோலவே தெரியும். இரண்டு மூன்று சுற்று சுலபமாக ஏறவும் செய்யும். அதற்குமேல் ஸ்பேனர் போட்டு இறுக்கினால் பிளாக்கின் திருகு போய்விடும். கையால் கடைசிவரை சுலபமாக ஏறாத அடாப்டரை ஏற்றாதீர்கள். பழைய சுவிட்சையே லேத்துக்கு எடுத்துச்சென்று, அதன் திருகுக்குச் சரியாகப் பித்தளையில் அடாப்டர் கடைந்து வாங்குவது நிச்சயமான வழி. டெஃப்லான் டேப் சுற்றுவதானால் நுனியில் இரண்டு இழைகளை விட்டுச் சுற்றுங்கள். பிய்ந்த டேப் துணுக்கு ஆயில் வழிக்குள் போகக் கூடாது.

ஹோஸ் எக்ஸாஸ்ட் மேனிஃபோல்டிலும் ஃபேனிலும் படாமல் கட்டிவிட்டு, ஒரு சிறு நோட்டில் நான்கு அளவுகளை எழுதுங்கள்: குளிர்ந்த எஞ்ஜினில் ஐடிலிங், குளிர்ந்த எஞ்ஜினில் நிமிடத்துக்கு 2000 சுற்று, சூடான எஞ்ஜினில் ஐடிலிங், சூடான எஞ்ஜினில் 2000 சுற்று. சூடான எஞ்ஜின் என்றால் வீட்டு வாசலில் பத்து நிமிடம் நின்று ஓடியது அன்று. தண்ணீர் சூடேறிய பிறகும் ஆயில் சூடேற நேரம் எடுக்கும், ஆகவே இருபது கிலோமீட்டராவது ஓட்டிவிட்டு அளக்க வேண்டும். டாக்கோமீட்டர் இல்லாத வண்டிக்கு டியூனிங் மீட்டர் வைத்திருக்கும் மெக்கானிக்கிடம் சுற்றைக் கணக்கிடச் சொல்லுங்கள். ஸ்டார்ட் செய்ததிலிருந்து முள் எழ எத்தனை வினாடி ஆகிறது என்பதையும் குறியுங்கள்.

நல்ல நிலையில் உள்ள இந்த எஞ்ஜின், சூடான பின் சாலை ஓட்டத்தில் 50 பி.எஸ்.ஐ.-ஐ ஒட்டியும், ஐடிலிங்கில் 15-ஐ ஒட்டியும் காட்டும். ஆயிரம் சுற்றுக்குக் குறைந்தது 10 பி.எஸ்.ஐ. என்ற பொதுக் கணக்கை, பழைய எஞ்ஜினுக்கான கடைசி எல்லையாக வைத்துக்கொள்ளலாம். என் நோட்டில் அன்று எழுதியவை: குளிரில் 38, 52, சூட்டில் 5, 17.

5. அளவுகள் என்ன சொல்கின்றன

பம்ப் ஆயிலைத் தள்ளும் வேலையை மட்டுமே செய்கிறது. தள்ளப்பட்ட ஆயில் பேரிங்குகளின் குறுகிய இடைவெளி வழியே வெளியேறத் திணறும்போதுதான் பிரஷர் உருவாகிறது. இதை மனத்தில் இருத்தினால் மற்றவை தானே விளங்கும்.

குளிரில் நன்றாக இருந்து, சூட்டில் ஐடிலிங்கில் மட்டும் குறைந்து, ரேஸ் கொடுத்தால் ஓரளவு எழுந்தால், பேரிங் இடைவெளி கூடியிருக்கிறது அல்லது ஆயில் மெலிந்திருக்கிறது. குளிரிலும் சூட்டிலும் எல்லாச் சுற்றிலும் குறைவாக இருந்தால் பம்ப் தேய்மானத்தையும், பிரஷர் மிஞ்சினால் ஆயிலைத் திருப்பிவிடும் ரிலீஃப் வால்வு திறந்தபடியே மாட்டிக்கொண்டிருப்பதையும் சந்தேகிக்க வேண்டும். சுற்று கூடக் கூட பிரஷர் எழாமல் சரிந்தாலோ, முள் நடுங்கினாலோ, பம்புக்குப் போதிய ஆயில் வரவில்லை: சல்லடை அடைப்பு, பம்பின் இணைப்பு தளர்ந்து காற்று இழுப்பது, ஆயில் அளவுக் குறைவு ஆகியவை காரணமாகலாம். வளைவிலும் பிரேக்கிலும் மட்டும் விழுந்தால் பெரும்பாலும் ஆயில் குறைவுதான். காலையில் முதல் ஸ்டார்ட்டில் முள் எழ ஐந்து வினாடிக்கு மேல் ஆனால், இரவில் ஆயில் முழுவதும் சம்புக்கு (எஞ்ஜினின் அடியிலுள்ள ஆயில் தொட்டி) வடிந்துவிடுகிறது; ஃபில்டரையும் அதன் உறையையும் பாருங்கள்.

பிரஷர் மிக அதிகமாக இருப்பதும் நோய்தான். 80-க்கு மேலேயே முள் நின்றால் ரிலீஃப் வால்வு மூடியபடி இறுகியிருக்கலாம். அது ஃபில்டர் உறையின் ரப்பர் வளையத்தைப் பிதுக்கி ஆயிலை வெளியே கொட்டிவிடும்.

ஒரே எஞ்ஜினில் இரண்டு காரணங்கள் சேர்ந்தும் இருக்கலாம். என் வண்டியில் சல்லடை அடைப்பும் பேரிங் தேய்மானமும் இருந்தன.

6. சம்பைக் கழற்றாமல் முடிக்கக்கூடிய வேலைகள்

தனி உறைக்குள் எலிமென்ட் வைக்கும் வகை ஃபில்டரில், பழைய ரப்பர் வளையம் பள்ளத்திலேயே ஒட்டிக்கொண்டிருக்க, அதன்மேல் புதியதை வைத்துப் பூட்டிவிடுவது அடிக்கடி நடக்கும் தவறு. வண்டி நின்றிருக்கும்போது ஒன்றும் தெரியாது. நெடுஞ்சாலையில் பிரஷர் ஏறும்போது ஆயில் பீய்ச்சியடிக்கும். கூரிய முனையால் பழைய வளையத்தை முழுவதுமாகக் கிளறி எடுத்துவிட்டுப் பள்ளத்தைத் துடையுங்கள். உறைக்குள் இருக்க வேண்டிய ஸ்பிரிங்கும் வாஷர்களும் முந்தைய கைகளில் தொலைந்திருக்கின்றனவா என்றும் பார்த்துக்கொள்ளுங்கள்.

அடுத்தது ரிலீஃப் வால்வு. பிளாக்கின் இடப்பக்கப் பின்மூலையில், குவிந்த தலையுள்ள ஒரு அறுகோண நட்டுக்குள் இருக்கிறது. திருகிக் கழற்றினால் இரண்டு வாஷர்கள், நீண்ட ஸ்பிரிங், குப்பி வடிவ வால்வு ஆகியவை வெளியே வரும். வால்வு உள்ளே மாட்டிக்கொண்டால் ஸ்க்ரூடிரைவரால் குத்தாதீர்கள்; காந்தக் கம்பியால் அல்லது இறுக்கமாக நுழையும் மரக்குச்சியால் இழுங்கள். ஸ்பிரிங்கின் தளர்ந்த நீளம் சுமார் 76 மில்லிமீட்டர், அதாவது மூன்று அங்குலம் இருக்க வேண்டும். குட்டையாகியிருந்தால் புதிது போடுங்கள். வால்வின் முகத்தில் சுற்றிலும் ஒரே அகலத்தில் பளபளப்பான வளையம் தெரிய வேண்டும். அந்த வளையம் ஓரிடத்தில் அறுந்திருந்தாலோ, கரித்துகள் பதிந்த குழி இருந்தாலோ, மூடிய நிலையிலும் ஆயில் சம்புக்கே திரும்பி ஓடிக்கொண்டிருக்கிறது.

ஸ்பிரிங்குக்கு அடியில் கூடுதலாக வாஷர் போட்டு "பிரஷர் ஏற்றித் தருகிறேன்" என்பவர்களை நம்பாதீர்கள். ரிலீஃப் வால்வு மேல் எல்லையை மட்டுமே தீர்மானிக்கிறது. சூடான ஐடிலிங்கில், 15 பி.எஸ்.ஐ. கூட இல்லாத நிலையில், அந்த வால்வு ஏற்கெனவே மூடித்தான் இருக்கிறது; அதை இன்னும் இறுக்கி மூடுவதால் ஐடிலிங் பிரஷர் ஒரு புள்ளிகூட ஏறாது. கெட்டி ஆயிலும் அவ்வாறே. விளக்கை அணைக்கும், மீட்டரிலும் கொஞ்சம் கூட்டிக் காட்டும். ஆனால் காலை ஸ்டார்ட்டில் பேரிங்குக்கும், மேலே வால்வுகளை இயக்கும் ராக்கருக்கும் தாமதமாகப் போய்ச் சேரும். எனக்கு ஊற்றிக் கொடுத்த கெட்டி ஆயில் என் கண்ணிலிருந்து நோயை இரண்டு மாதம் மறைத்தது. அந்த இரண்டு மாதமும் நான் தைரியமாக ஓட்டினேன்.

7. சம்பைக் கழற்றினால் எல்லாவற்றையும் பாருங்கள்

சம்பைக் கழற்றுவது கூலியில் பெரிய பங்கு. ஆகவே கழற்றிய அன்றைக்கே சல்லடை, பம்ப், பிக் எண்ட் பேரிங் (கனெக்டிங் ராடு கிராங்கைப் பிடிக்கும் இடத்தில் இருப்பது) மூன்றையும் பார்த்துவிட வேண்டும். சல்லடையை மட்டும் கழுவிப் பூட்டுவது ஒரே கூலியை இரண்டு முறை கொடுப்பதாகும்.

என் வண்டியின் சல்லடையில் பாதிக்கு மேல் கரிப்பாசி போன்ற கசடும், அதற்கு நடுவே பட்டாணி அளவில் காய்ந்த கேஸ்கட் பசைத் துண்டுகளும் இருந்தன. முன்பு யாரோ சம்பைப் பூட்டும்போது பசையைத் தாராளமாகப் பூசியிருக்கிறார்கள்; உள்பக்கம் பிதுங்கியது காய்ந்து உதிர்ந்து சல்லடைக்கு வந்துவிட்டது. கார்க் பேக்கிங்குக்கு மெல்லிய பூச்சே போதும். பிதுங்கும் அளவுக்குப் பூச விடாதீர்கள், பக்கத்தில் நின்று பாருங்கள்.

பம்பைப் பிரித்து ஃபீலர் கேஜால் (இடைவெளி அளக்கும் மெல்லிய தகடுகள்) மூன்று இடங்களில் அளக்க வேண்டும். உள் ரோட்டருக்கும் வெளி ரோட்டருக்கும் இடையே ஆயிரத்தில் 6 அங்குலம் (அதாவது 0.006 அங்குலம்), வெளி ரோட்டருக்கும் பம்ப் உடலுக்கும் இடையே ஆயிரத்தில் 10 அங்குலம், மேற்பரப்பில் நேர்க்கம்பியை வைத்துப் பார்க்கும் இடைவெளி ஆயிரத்தில் 5 அங்குலம்: இவற்றைத் தாண்டியிருந்தால் பம்ப் தேய்ந்துவிட்டது. மூன்றாவது இடைவெளி மட்டும் கூடியிருந்தால், ரோட்டர்களை எடுத்துவிட்டு உடலின் முகத்தைக் கண்ணாடித் தட்டின்மேல் எமரித் தாளில் தேய்த்துச் சமப்படுத்தலாம். புதிய பம்ப் வாங்கினாலும் அளந்துவிட்டே மாட்டுங்கள். பெட்டி புதிது என்பதால் உள்ளிருப்பது சரியாக இருக்கும் என்று எடுத்துக்கொள்ள முடியாது.

பிக் எண்ட் கேப்புகளை ஒவ்வொன்றாகக் கழற்றுங்கள். எந்த கேப் எந்த சிலிண்டருடையது, எந்தப் பக்கம் பார்த்திருந்தது என்று குறியிடாமல் கழற்ற விடாதீர்கள். மாறிப் பூட்டினால் புதிய பேரிங்கும் வீண். பேரிங் முகம் மங்கிய சாம்பல் நிறத்தில் சீராக இருந்தால் நல்லது. செம்பு தெரிந்தால் மாற்ற வேண்டும். அதற்குமுன் கிராங்கில் பேரிங் அமரும் வழவழப்பான பகுதியான ஜர்னலை விரல் நகத்தால் குறுக்கே வருடிப் பாருங்கள். நகம் எங்கும் மாட்டவில்லை, மைக்ரோமீட்டரில் வட்டம் கெடவில்லை என்றால் அதே சைஸ் பேரிங்கை மாற்றிப் பூட்டிவிடலாம். நகம் கோட்டில் மாட்டினால் கிராங்க் லேத்துக்குப் போக வேண்டும். எனக்கு இரண்டாவது, மூன்றாவது ஜர்னல்களில் நகம் மாட்டியது.

8. லேத்தில் கேட்டு வாங்க வேண்டியவை

முதலில் அளக்கச் சொல்லுங்கள். பிறகு பேரிங் வாங்குங்கள். அதற்குப் பிறகே கிரைண்டிங். வரிசை மாறினால் சிக்கல். கிராங்கை 20 சைஸுக்கு, அதாவது ஆயிரத்தில் 20 அங்குலம் குறைத்துக் கிரைண்ட் செய்துவிட்டு, அந்த சைஸ் பேரிங் கடையில் இல்லாமல் வாரக்கணக்கில் காத்திருந்தவர்களை அந்தப் பட்டறையிலேயே பார்த்தேன். கிராங்கில் முன்பு எத்தனை சைஸ் எடுத்திருக்கிறார்கள் என்பது பழைய பேரிங்கின் முதுகில் பொறித்திருக்கும்.

பூட்டிய பின் ஆயில் இடைவெளி ஆயிரத்தில் ஒன்று முதல் இரண்டே முக்கால் அங்குலத்துக்குள் இருக்க வேண்டும். கிரைண்ட் செய்த கிராங்கின் ஆயில் துளைகளைக் கம்பித் தூரிகையாலும் காற்றாலும் சுத்தம் செய்து தரச் சொல்லுங்கள். உள்ளே தங்கிய கல்பொடி முதல் ஐம்பது கிலோமீட்டரிலேயே புதிய பேரிங்கைத் தின்றுவிடும். எஞ்ஜின் இறங்கியிருக்கும்போது கேம் புஷ்களையும் (கேம் ஷாஃப்ட் சுழலும் பேரிங் வளையங்கள்) ராக்கர் ஷாஃப்டையும் பார்க்க மறப்பவர்கள் அதிகம். ஆயில் அந்த வழிகளிலும் கசியும். கிராங்கும் பம்பும் புதிதாகியும் சூட்டில் பிரஷர் நிற்காத எஞ்ஜின்களில் நான் அடுத்துப் பார்க்கச் சொல்வது கேம் புஷ்ஷைத்தான்.

9. பூட்டிய பின் முதல் ஸ்டார்ட்

காய்ந்த பம்ப் ஆயிலை இழுக்காது. மாட்டுவதற்கு முன் பம்புக்குள் ஆயில் ஊற்றிச் சுற்ற வேண்டும், அல்லது ரோட்டர் இடைவெளிகளில் வாசலினை அடைத்துவிட வேண்டும். கிரீஸ் கூடாது, அது ஆயிலில் சரியாகக் கரையாது. ஃபில்டர் உறையிலும் ஆயில் நிரப்புங்கள். பிறகு நான்கு ஸ்பார்க் பிளக்குகளையும் கழற்றி, காயிலின் இணைப்பையும் எடுத்துவிட்டு, மெக்கானிக்கல் மீட்டரைப் பார்த்தபடி பத்துப் பத்து வினாடிகளாக ஸ்டார்ட்டரை ஓட்டுங்கள். முள் எழுந்த பின்பே பிளக்குகளை மாட்ட வேண்டும். அவசரத்தில் நேராக ஸ்டார்ட் செய்ய மெக்கானிக் சாவியை நீட்டினால் தயவுசெய்து தடுத்துவிடுங்கள்.

முதல் 500 கிலோமீட்டர் வரை அறுபது கிலோமீட்டர் வேகத்துக்குள், ஒரே வேகத்தில் நீண்ட நேரம் ஓட்டாமல், மலை ஏறாமல் ஓட்டிவிட்டு, ஆயிலையும் ஃபில்டரையும் மாற்றுங்கள். அந்த ஆயிலையும் பனியன் வேஸ்டில் விட்டுப் பாருங்கள்.

10. செலவும் நாட்களும்

2023-இல் கோயம்புத்தூரில் எனக்கு ஆன கணக்கு இது. ஊருக்கும் காலத்துக்கும் ஏற்ப மாறும். மீட்டருக்கு 850 ரூபாய், அடாப்டர் கடைய 250. பம்ப் 2,400. பிக் எண்ட், மெயின் பேரிங்குகள் இரண்டும் சேர்த்து 4,000. கிராங்க் கிரைண்டிங் 3,200. எஞ்ஜின் இறக்கி ஏற்றக் கூலி 9,000. கேஸ்கட் செட், பிளாக் கழுவுதல், கேம் புஷ், ஆயில், ஃபில்டர் எல்லாம் சேர்ந்து 5,150. இவற்றோடு முதல் இரண்டு பட்டறைகளில் வீணாகப் போன 4,700-ஐயும் கூட்டினால் மொத்தம் 29,550. பர்லியாற்றில் மினுக்கிய வாரமே 1,100 ரூபாய் செலவழித்து அளந்திருந்தால், சம்பைக் கழற்றிச் சுத்தம் செய்து பிக் எண்ட் பேரிங் மட்டும் மாற்றி எட்டாயிரத்துக்குள் முடித்திருக்கலாம் என்று அந்தப் பெரியவரே கணக்குப் போட்டுச் சொன்னார்.

அளப்பதற்கு அரை நாள், ரிலீஃப் வால்வுக்கு ஒரு மணி நேரம், சம்ப் வேலைக்கு இரண்டு நாள் போதும். எஞ்ஜின் இறங்கினால் மூன்று வாரம் என்று வைத்துக்கொள்ளுங்கள். அதில் பாதி பேரிங் தேடுவதில் போகும். உக்கடத்திலும், சென்னைப் புதுப்பேட்டையிலும் பழைய உதிரிகள் கிடைக்கும். வால்வு, நட்டு, ஃபில்டர் உறை போன்றவற்றை அங்கே வாங்கலாம். பேரிங்கையும் ஸ்பிரிங்கையும் பழையதாக வாங்க வேண்டாம்.

11. பத்திரங்கள்

வண்டியைப் பட்டறையில் விடும் முன், எஞ்ஜின் எண்ணையும் சேஸிஸ் எண்ணையும் தெளிவாகப் புகைப்படம் எடுத்து ஆர்.சி. புத்தகத்தோடு ஒப்பிட்டுக்கொள்ளுங்கள். பிளாக்கைக் கழுவுபவரிடமும் பெயின்ட் அடிப்பவரிடமும் எண் உள்ள இடத்தைக் காட்டி, அங்கே தேய்க்கக் கூடாது என்று சொல்லிவையுங்கள். ஆய்வுக்குப் போகும்போது, நம் ஊரில் பிரேக் இன்ஸ்பெக்டர் என்று அழைக்கப்படும் மோட்டார் வாகன ஆய்வாளர் முதலில் குனிந்து பார்ப்பது அந்த எண்ணைத்தான்.

பிளாக்கையே மாற்ற வேண்டி வந்தால் விஷயம் வேறு. எஞ்ஜின் மாற்றத்துக்கு வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தின் அனுமதி வேண்டும். முன்கூட்டி அனுமதி பெறாமல் மாற்றியிருந்தால், மோட்டார் வாகனச் சட்டம் 52-ஆம் பிரிவின்படி 14 நாட்களுக்குள் தெரிவித்து ஆர்.சி.-யில் பதிவு செய்ய வேண்டும். விற்பவர் பெயர், எஞ்ஜின் எண் ஆகியவற்றுடன் கூடிய ரசீது இல்லாத பழைய பிளாக்கை எவ்வளவு மலிவாகக் கொடுத்தாலும் வாங்காதீர்கள். திருட்டு வண்டியுடையதாக இருந்தால் பதில் சொல்ல வேண்டியவர் நீங்கள். இன்சூரன்ஸ் நிறுவனத்துக்கும் புதிய எண்ணை எழுத்தில் தெரிவியுங்கள்.

பதினைந்து ஆண்டு கடந்த சொந்த வண்டிகளுக்கு ஐந்தாண்டுக்கு ஒருமுறை ஆர்.சி. புதுப்பிக்க வேண்டும். படிவம் 25-இல், காலாவதியாகும் நாளுக்கு முந்தைய 60 நாட்களுக்குள் விண்ணப்பிக்கலாம். எனக்கு 2023-இல் புதுப்பிப்பு இருந்தது. எஞ்ஜின் வேலை இழுத்துக்கொண்டே போனதில், 500 கிலோமீட்டர்கூட முடியாத எஞ்ஜினை ஆய்வு மைதானத்துக்கு ஓட்டிச் செல்ல நேர்ந்தது. உங்கள் ஆர்.சி. தேதியைப் பார்த்துவிட்டு, அதற்குக் குறைந்தது நான்கு மாதங்களுக்கு முன்பே வண்டியை அளந்துவிடுங்கள்.

பேரிங் ரசீது, லேத் ரசீது, கிராங்க் இப்போது எந்த சைஸில் இருக்கிறது என்ற குறிப்பு ஆகியவற்றை ஆர்.சி. நகலோடு ஒரே உறையில் போட்டு வையுங்கள். அடுத்த முறை எஞ்ஜினைத் திறப்பவருக்கு அந்தச் சைஸ் குறிப்பு வேண்டியிருக்கும். மெக்கானிக்கல் மீட்டரை நான் கழற்றவில்லை. டேஷ்போர்டுக்குக் கீழே நிரந்தரமாகப் பொருத்திவிட்டேன். போன மாதம் பர்லியாற்றில் அதே கடைக்கு முன் நிறுத்தி, சூடான ஐடிலிங்கில் பார்த்தேன். முள் 18-இல் நின்றது. நோட்டில் தேதியோடு எழுதிக்கொண்டேன்.